இறுக்கினால்தான் விடும்

அந்த பேக்கரியில் எழுபது பேர் வேலை பார்த்தார்கள். எந்த மெஷின் நின்றாலும் அத்தனை பேர் வாயிலும் வருகிற பெயர் ஒன்றுதான், நட்டக்கா. நட்டும் போல்ட்டுமாகவே கிடக்கிறவள் என்பதால் வந்த பெயர். "நட்டக்கா இருந்தா நட்டம் இல்ல" என்று புதிதாக வருகிறவர்களிடமெல்லாம் சூப்பர்வைசர் சொல்லிச் சிரிப்பார். முதல் தடவை கேட்டபோது அவளும் சிரித்தாள். பதினோரு வருஷமாகக் கேட்டதில் புளித்துவிட்டது. புளிப்பது மாவுக்கு நல்லது, ஜோக்குக்கு ஆகாது.

அவள் வேலைக்குச் சேர்ந்தது ரொட்டிக்கு உறை போடத்தான். உறை ஒட்டும் மெஷின் வாரத்தில் மூன்று நாள் மக்கர் பண்ணும். மெக்கானிக் வரும்வரை மற்றவர்கள் ஊர்க்கதை பேசுவார்கள். இவளால் கையைக் கட்டிக்கொண்டு உட்கார முடியாது. முதலில் பக்கத்தில் நின்று பார்த்தாள். அப்புறம் ஸ்பானர் எடுத்துக் கொடுத்தாள். மெக்கானிக் வராத ஒரு நாளில் தானே கழற்றி, தானே மாட்டி, மெஷினை ஓடவும் வைத்துவிட்டாள். அவர் வேறு கம்பெனிக்குப் போனபோது அந்த இடத்துக்கு ஆள் தேட வேண்டிய அவசியமே வரவில்லை.

அவளுக்கு ஒரு நாத்தனார் உண்டு. கணவருடைய கடைசித் தங்கை. வயது முப்பத்து நாலு, கல்யாணமாகித் தனிக்குடித்தனம் போய்ப் பத்து வருஷம் ஆகிறது, ஆனாலும் குடும்பத்தில் எல்லோருக்கும் அவள் பாப்பாதான். பாப்பாவை பேக்கரியில் சேர்த்துவிட்டதே நட்டக்கா. மாவைத் தகடாகத் தேய்க்கும் ரோலர் மெஷினில் அவளுக்கு வேலை. ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு இரும்பு உருளைகள். பிசைந்த மாவை இந்தப் பக்கம் கொடுத்தால் அந்தப் பக்கம் பாய்போல விரிந்து வரும்.

அண்ணிக்கும் நாத்தனாருக்கும் பேச்சு நின்று மூன்று மாதம் ஆகியிருந்தது. காரணம் ஒரு மோதிரம். செத்துப்போன அம்மாவின் மோதிரத்தை பாப்பா விரலைவிட்டுக் கழற்ற மாட்டாள். ரோலர் பக்கத்தில் மோதிரத்தோடு நிற்கக் கூடாது என்று நட்டக்கா இரண்டு தடவை தனியாகச் சொன்னாள். மூன்றாம் தடவை சூப்பர்வைசரிடம் சொன்னாள். அவர் முப்பது பேர் முன்னால் வைத்து பாப்பாவை வாங்கு வாங்கென்று வாங்கிவிட்டார். அன்றிலிருந்து மோதிரம் வீட்டு அலமாரியில், பேச்சு அதற்கும் உள்ளே.

அதன்பிறகு பாப்பா அவளை அண்ணி என்று கூப்பிடவில்லை. மெஷினில் ஏதாவது கோளாறு என்றால் அடுப்பு பார்க்கிற அண்ணனைக் கூப்பிட்டு, "நட்டக்காகிட்ட சொல்லிடுங்க" என்பாள். நட்டக்கா ஆறடி தள்ளித்தான் நின்றுகொண்டிருப்பாள். வீட்டு விஷயமென்றால் தூது போவது கணவர். பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவர். "அம்பது பிள்ளைங்கள ஏத்தி இறக்கிடறேன், உங்க ரெண்டு பேருக்கு நடுவுல என்னால முடியல" என்று ஒரு நாள் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துபோனார். அதற்கும் அவள் அசைந்துகொடுக்கவில்லை. நல்லதுக்குச் சொன்னவள் எதற்காக முதலில் வாய் திறக்க வேண்டும்?

இந்த நிலைமையில்தான் ரோலர் மெஷினின் மூடி கெட்டது.

உருளைகளுக்கு முன்னால் கம்பி வலையில் ஒரு மூடி இருக்கும். அதைத் திறந்தால் உள்ளே ஒரு சுவிட்ச் விலகி மெஷின் தானாக நின்றுவிடும். மூடியின் கீல் தேய்ந்து, மூடி சும்மா சும்மா தொங்கி, மெஷின் நின்று நின்று ஓடியது. கல்யாண ஆர்டர் ஒன்று தலைக்குமேல் நின்றது. "ரெண்டு நாளைக்குக் கழட்டி வைங்க நட்டக்கா, இது முடியட்டும்" என்றார் சூப்பர்வைசர். அவள் யோசித்தாள். யோசித்துவிட்டுக் கழற்றினாள். சுவிட்ச்சின் இரண்டு முனையையும் ஒரு துண்டு ஒயரால் இணைத்து, மூடி இருப்பதாக மெஷினை நம்பவைத்தாள். வலையைச் சுவரில் சாய்த்து வைத்தாள்.

அந்தக் கீலைக் கழற்றும்போதுதான் அவளுடைய பழைய ராட்செட்டும் காலை வாரியது. ராட்செட் என்பது ஒரு பக்கம் ஓட்டினால் பிடித்துத் திருகும், மறுபக்கம் ஓட்டினால் கிளிக் கிளிக்கென்று சும்மா திரும்பி வரும் கைப்பிடி. ஸ்பானரைப் போல ஒவ்வொரு திருகுக்கும் எடுத்து மாட்ட வேண்டியதில்லை. எந்தப் பக்கம் பிடிக்க வேண்டும் என்பதை அதன் தலையில் உள்ள சின்ன லீவர் முடிவு பண்ணும். பழையதில் அந்த லீவர் தளர்ந்துபோயிருந்தது. கட்டைவிரல் பட்டதும் பக்கம் மாறி, கைப்பிடி வழுக்கி, விரல் மொளியில் தோல் உரிந்துவிட்டது.

அடுத்த நாளே கருவிக் கடைக்குப் போனாள். எட்டுக் கிலோ கருவிப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு மாடி ஏறி இறங்கி முழங்கால் தேய்ந்ததுதான் மிச்சம். ஏப்ரன் பையில் அடங்குகிற மாதிரி, ஒரே கைப்பிடியில் பல வேலை ஆகிற மாதிரி ஒன்று வேண்டும் என்றாள்.

கடைக்காரர் முதலில் பளபளவென்று ஒரு பெட்டியைத் திறந்தார்.

"பெரிய செட்டா எடுத்துக்கங்க. நாப்பத்தாறு ஐட்டம் இருக்கு."

"அதுல நான் தொடறது ஒம்போதோ பத்தோ. மீதிய யார் சுமக்கறது?"

கைப்பிடியைக் காதருகே வைத்து மெதுவாகச் சுற்றினாள். கிளிக், கொஞ்சம் இடைவெளி, கிளிக். கீழே வைத்தாள்.

"பல்லு பெருசு. இவ்வளவு தூரம் ஓட்டினாத்தான் அடுத்த பல் பிடிக்குது. என் மெஷினுக்குப் பின்னாடி அவ்வளவு இடம் கிடையாது."

இரண்டாவதில் தலை முன்னும் பின்னும் மடங்கியது. பார்க்க அழகுதான். நுனியைப் பிடித்து ஆட்டிப் பார்த்தாள். "பாரம் வந்தா இடுப்பு ஆடும்" என்று அதையும் ஒதுக்கினாள். மூன்றாவது கறுப்பாக, பார்வைக்கு ஒன்றுமில்லாததாக இருந்தது. ஒரு சாணுக்கும் குறைவான நீளம். தலையில் போல்ட்டைக் கவ்விப் பிடிக்கும் சாக்கெட் மாட்டலாம். சாக்கெட்டைக் கழற்றிவிட்டால் அதே இடத்தில் ஸ்க்ரூ திருகும் முனையான பிட்டைச் செருகலாம். பிட்டுகள் கைப்பிடிக்குள்ளேயே ஒரு மூடியின் கீழ் இருந்தன. சுற்றி எண்ணினாள். ஒரு முழுச் சுற்றுக்கு எழுபத்திரண்டு கிளிக். மாட்டிய சாக்கெட்டை இழுத்துப் பார்த்தாள், குண்டூசித் தலைபோல ஒரு முனை உள்ளே பிடித்துக்கொண்டு விட மறுத்தது.

"ஒரு சொட்டு எண்ணெய் இருக்குமா?"

கொடுத்தார். கட்டைவிரலில் தடவிக்கொண்டு லீவரை வேண்டுமென்றே உரசினாள். அது அசையவில்லை. நகத்தை வைத்து அழுத்தித் தள்ளினால்தான் டக்கென்று மாறியது.

"மாப்பிள்ளை பார்க்க வர்றவங்ககூட இத்தனை கேள்வி கேக்க மாட்டாங்க" என்றார் கடைக்காரர்.

"அவங்க கேக்காம விட்டதாலதான் பாதி வீட்ல சண்டை" என்று சொல்லி அதையே எடுத்துக்கொண்டாள்.

புதுக் கீல் வர ஆறு நாள் ஆனது. வந்ததை நட்டக்கா தன் மேஜை இழுப்பறையில் போட்டாள். மாட்ட அரை மணி நேரம் போதும். ஆனால் அந்த அரை மணி நேரம் பாப்பாவின் மெஷினை நிறுத்த வேண்டும். "கொஞ்சம் தள்ளிக்கோ" என்று சொல்ல வேண்டும். சொன்னால் பேச்சை ஆரம்பித்தது அவளாகிவிடும். இன்றைக்கு ஆர்டர் நெருக்கடி என்று ஒரு நாள், அடுப்பு விசிறி முக்கியம் என்று ஒரு நாள், இப்படியே நான்கு நாள் தள்ளினாள்.

ஐந்தாம் நாள் காலை பத்து மணி பத்து நிமிடம். நட்டக்கா உறை மெஷின் பக்கம் குனிந்திருந்தாள். ரோலரின் சத்தம் மாறியது. ஓடுகிற மெஷின் ஒன்றைக் கடித்தால் வரும் சத்தம் அது. திரும்புவதற்குள் அடுப்பு அண்ணன் சிவப்புப் பொத்தானில் அறைந்துவிட்டார். மெஷின் நின்றது. அதன்பிறகுதான் பாப்பாவின் குரல் வந்தது. கத்தல்கூட இல்லை. மூச்சை உள்ளே இழுக்கிற மாதிரி ஒரு சத்தம்.

வலது கையின் நான்கு விரல்களும் மொளி வரைக்கும் உருளைகளுக்கு நடுவே போயிருந்தன. மாவில் ஒட்டியிருந்த காகிதத் துண்டு ஒன்றை எடுக்கப் போனவள். சுற்றிலும் மாவு பிதுங்கி நின்றது. அந்த மாவு மட்டும் மெத்தையாக இல்லாமல் போயிருந்தால் பேசவே ஒன்றும் மிஞ்சியிருக்காது.

நட்டக்கா முதலில் போனது மெஷினுக்கு அல்ல, சுவரில் இருந்த ஃபியூஸ் பெட்டிக்கு. ரோலரின் ஃபியூஸைப் பிடுங்கித் தன் பையில் போட்டாள். சூப்பர்வைசர் ஓடி வந்தார்.

"ரிவர்ஸ் போடுங்க, ரிவர்ஸ்ல விட்டா வெளிய வந்துடும்."

"மோட்டார் எடுக்கும்போது ஒரு குலுக்கு குலுக்கும் சார். அந்தக் குலுக்குல விரல் இருக்காது."

மேல் உருளையைத் தூக்க ஒரு கைச்சக்கரம் உண்டு. அதைச் சுற்றினாள். சக்கரம் சும்மா சுழன்றது. கை மாட்டிய வேகத்தில் சக்கரத்துக்குள் பல் உடைந்திருந்தது. மேலே இருந்த தடித்த ஸ்பிரிங் உருளையைக் கீழ்நோக்கி அழுத்திக்கொண்டே இருந்தது. யாரோ கடப்பாரையோடு வந்தார்கள். "அதைக் கீழ வைங்க" என்றாள். நெம்பும்போது ஒரு தடவை வழுக்கினால் உருளை மறுபடி விரல்மேல்தான் வந்து உட்காரும்.

மீட்புப் படைக்குப் போன் போட்ட சூப்பர்வைசர் முகம் செத்துத் திரும்பினார். வண்டி வேறொரு விபத்துக்குப் போயிருக்கிறது, நாற்பது நிமிடம் ஆகுமாம்.

உருளைக்கு வெளியே தெரிந்த புறங்கை வெளுத்து, ஓரத்தில் நீலம் பாரித்திருந்தது. அடுப்பு அண்ணன் பின்னாலிருந்து இரண்டு கையாலும் பாப்பாவைத் தாங்கிக்கொண்டார். அவள் மயங்கி விழுந்தால் அவள் உடம்பே கையைப் பிய்த்துவிடும்.

"விட்டுடாதீங்க அண்ணே."

"இடியே விழுந்தாலும் விடமாட்டேன்."

நட்டக்காவுக்கு அந்த மெஷின் வந்து இறங்கிய நாள் ஞாபகம் வந்தது. மேல் உருளையின் இரண்டு முனைகளும் ஒவ்வொரு இரும்புக் கட்டைக்குள் இருக்கின்றன. அந்தக் கட்டைகளைக் கீழிருந்து ஒவ்வொரு போல்ட் தாங்கி நிற்கிறது. மெஷினைப் பொருத்தும்போது ஒரு தடவை மட்டும் தொட்ட போல்ட்டுகள். அப்புறம் மெஷினின் பக்கவாட்டு மூடிகளுக்குள் போய்விட்டன. ஒன்று நடைபாதைப் பக்கம். இன்னொன்று சுவர்ப் பக்கம். மெஷினுக்கும் சுவருக்கும் நடுவே ஒரு கை நுழையும் இடம்தான்.

கறுப்பு ராட்செட்டை எடுத்தாள். நட்சத்திரத் தலை ஸ்க்ரூவுக்கான பிட்டைச் செருகி, லீவரைத் தளர்த்தும் பக்கம் வைத்து, நடைபாதைப் பக்க மூடியின் மூன்று ஸ்க்ரூவையும் கழற்றினாள். பிறகு தரையில் ஒருக்களித்துப் படுத்து, தோள் வரைக்கும் கையைச் சுவர் இடுக்கில் விட்டாள். கண்ணுக்கு எதுவும் தெரியாது. விரல்தான் கண். மூன்று ஸ்க்ரூ. மூன்றாவது துரு ஏறி அடம்பிடித்தது. கைப்பிடியை ஓட்ட இரண்டு விரல் அகலத்துக்குமேல் இடமில்லை. ஒரு தள்ளுக்கு இரண்டே கிளிக். பழைய ராட்செட்டாக இருந்தால் அந்த இடத்தில் ஒரு பல்கூடப் பிடித்திருக்காது. மூடி விழுந்த சத்தம் கேட்டது. பிட்டை மாற்றி, போல்ட்டைப் பூட்டி வைத்திருந்த, தலையில் அறுகோணக் குழி உள்ள சின்ன அலன் ஸ்க்ரூவை இரண்டு பக்கமும் தளர்த்தினாள். பிட்டை எடுத்துவிட்டு சாக்கெட்டை மாட்டினாள்.

"சீக்கிரம் லூஸ் பண்ணுங்க நட்டக்கா, லூஸ் பண்ணுங்க" என்றார் சூப்பர்வைசர்.

கூட நின்ற நாலைந்து பேரும் அதையே சொன்னார்கள். ராட்செட்டின் லீவரும் தளர்த்தும் பக்கத்திலேயே இருந்தது; இதுவரை கழற்றியதெல்லாம் தளர்த்தித்தானே. சாக்கெட் போல்ட்டில் உட்கார்ந்துவிட்டது. ஒரு தள்ளு தள்ள வேண்டியதுதான்.

தள்ளவில்லை. போல்ட் கட்டையைக் கீழிருந்து தாங்குகிறது. தளர்த்தினால் போல்ட் கீழே இறங்கும், கட்டை இறங்கும், உருளை விரல்மேல் இறங்கும். இதை இறுக்க வேண்டும். இறுக்கினால்தான் விடும்.

அப்படித்தானா? ஒன்பது வருஷத்துக்கு முன்னால் ஒரு தடவை பார்த்தது. அன்றைக்கு மெஷினைப் பொருத்த வந்த மெக்கானிக் எந்தப் பக்கம் திருப்பினார் என்று கண்ணை மூடித் தேடினாள். அவர் முதுகுதான் தெரிந்தது.

நகத்தால் லீவரை மாற்றினாள். டக். சூப்பர்வைசரைக் கூப்பிட்டு நடைபாதைப் பக்கம் உட்காரவைத்து, சாதாரண ஸ்பானர் ஒன்றைக் கையில் கொடுத்து போல்ட்டில் மாட்டினாள். அந்தப் பக்கம் ஓட்ட இடம் இருந்தது.

"நான் பன்னெண்டு கிளிக் போடுவேன். 'ம்'னு சொன்னா நீங்க இங்கேருந்து இதுவரைக்கும் ஒரு தள்ளு. ஒண்ணே ஒண்ணு. ரெண்டு பக்கமும் ஒண்ணா ஏறணும். இல்லன்னா உருளை சாஞ்சு ஒரு பக்கம் கடிச்சிடும்."

"இது இறுக்கற பக்கமாச்சே."

"இறுக்கத்தான் போறோம் சார்."

"நல்லாத் தெரியுமா உங்களுக்கு?"

அவள் அவர் மணிக்கட்டைப் பிடித்து ஒரு தடவை திசையைக் காட்டினாள்.

மறுபடி தரையில் படுத்தாள். அந்த இடத்திலிருந்து பாப்பாவின் செருப்பும் பாதமும் மட்டும் தெரிந்தன.

"பாப்பா."

செருப்பு ஒரு தடவை தரையில் உரசியது.

"பாப்பா, நான்தான் பேசறேன். எனக்கு உன் கை தெரியல. உனக்கு என்ன ஆகுதுன்னு நீதான் சொல்லணும். கோவமா இருந்தாலும் சொல்லு."

"ம்" என்று வந்தது.

பன்னிரண்டு கிளிக். ஒவ்வொன்றும் தாளில் கோடு போடுகிற மாதிரி மெல்லிய அசைவு. தப்பாக இருந்தால்கூட முடி அகலத்துக்குமேல் இறங்காது. அந்த ஒன்றுதான் அப்போது அவளுக்கு இருந்த தைரியம். "ம்" என்றாள். அந்தப் பக்கம் ஸ்பானர் நகர்ந்தது.

"என்ன தெரியுது?"

"ஒண்ணும் தெரியல. மரத்துப் போச்சு."

இன்னொரு பன்னிரண்டு. இன்னொரு தள்ளு. மூன்றாவது, நான்காவது. ஐந்தாவது சுற்றில் பாப்பா அலறினாள்.

"வலிக்குது, ஐயோ வலிக்குது, நிறுத்துங்க."

சூப்பர்வைசர் ஸ்பானரை விட்டுவிட்டு எழுந்தார். "நான் அப்பவே சொன்னேன். தப்பான பக்கம். திருப்புங்க, லூஸ் பண்ணுங்க."

"தொடாதீங்க சார்."

"அவ கத்தறது காதுல விழலையா உங்களுக்கு?"

விழுந்தது. இடுக்குக்குள் இருந்த கையில் கைப்பிடி வியர்வையில் நழுவியது. லீவரை நகத்தால் தடவிப் பார்த்தாள். மாறவில்லை. மாற்றுவதா? இதுவரை ஏற்றியிருந்தால், இப்போது மாற்றினால் இறங்கும். இதுவரை இறக்கியிருந்தால், இன்னும் ஒரு கிளிக் போட்டாலும் பாவம். இரண்டில் ஒன்று. மெஷின் வாய் திறந்து சொல்லாது. சொல்லக்கூடியது ஒரே ஒரு ஆள்தான்.

"பாப்பா, இங்க கேளு. எப்படி வலிக்குது? நசுக்கற மாதிரியா, எரியற மாதிரியா?"

அழுகைதான் வந்தது.

"அழுகையை அப்புறம் வச்சுக்கலாம். நசுக்குதா, எரியுதா? சொல்லும்மா."

"எரியுது." மூச்சு வாங்கியது. "ஊசி ஊசியா குத்துது. சப்பணம் போட்டு எழுந்தா காலு குத்துமே... அந்த மாதிரி, அண்ணி."

அந்த வார்த்தையை நட்டக்கா கவனித்தாளா என்று கேட்டால், அப்போது கவனிக்கவில்லை என்றுதான் பின்னால் சொன்னாள். அவள் காதில் விழுந்தது ஊசி என்பது மட்டும்தான். மரத்த இடத்தில் ரத்தம் ஓட ஆரம்பித்தால் அப்படித்தான் குத்தும். அதோடு இன்னொன்றும் உறைத்தது. முதல் சுற்றைவிட இந்தச் சுற்றில் கைப்பிடி கனத்தது. பாரத்தைத் தூக்கினால்தான் கை கனக்கும், இறக்கினால் லேசாகும்.

"ஏறுது சார். உக்காருங்க. ஸ்பானரை எடுங்க."

அவர் உட்கார்ந்தார். ஸ்பானரை எடுத்தார்.

ஆறு, ஏழு, எட்டு. ஸ்பிரிங் இறுக இறுக ஒவ்வொரு கிளிக்கும் தோளைப் பிடுங்கியது. ஒரு தள்ளுக்கு இரண்டு கிளிக் என்றால் ஒரு சுற்றுக்கு ஆறு தள்ளு. கன்னம் தரையில் அழுந்தியிருந்தது. கண்ணிமையில் மாவு. பன்னிரண்டாம் சுற்றில் முழங்கையில் தசை இழுத்துக்கொண்டு கை கட்டையாகிவிட்டது. கையை வெளியே எடுத்தால் மறுபடி தேடி மாட்ட நேரம் ஆகும். எடுக்காமல், பல்லைக் கடித்துக்கொண்டு, விரல்களை மட்டும் மடக்கி நீட்டி மடக்கி நீட்டி உயிர் வரவைத்தாள். பாப்பா அழுதுகொண்டே எண்ணினாள். அவள் எண்ணிக்கை சத்தமாகக் கேட்டது. பதினேழு. பதினெட்டு. இருபதில் பிதுங்கி நின்ற மாவு மெதுவாகக் கீழே வழிந்தது.

"அண்ணி, கட்டைவிரல் பக்கம் அசையுது."

"இழுக்காத. நான் சொல்றவரைக்கும் இழுக்காத."

இருபத்து நாலாவது சுற்றில் அடுப்பு அண்ணன் பாப்பாவின் மணிக்கட்டைப் பிடித்து, தொட்டிலிலிருந்து குழந்தையை எடுப்பதுபோலக் கையைப் பின்னால் நகர்த்தினார். கை வந்தது. மாவு உறையோடு வந்தது. மாவை உரிக்காமல் அப்படியே சுத்தமான துணியில் சுற்றினார்கள். மணி பத்து ஐம்பது. வாசலில் சைரன் கேட்டபோது நட்டக்கா இன்னும் தரையில்தான் கிடந்தாள். இடுக்கிலிருந்து கையை எடுக்க அவளுக்கு இன்னொருவர் உதவி வேண்டியிருந்தது.

மருத்துவமனையில் மூன்று மணி நேரம் தைத்தார்கள். நடுவிரலின் நுனி போனது. மோதிர விரல் மடங்காது என்றார்கள். மற்ற இரண்டும் பிழைத்தன. மோதிரம் போட்டிருந்தாளா என்று டாக்டர் கேட்டார். இல்லை என்றதும், "நல்லதாப் போச்சு, இருந்திருந்தா அந்த விரலே மிஞ்சியிருக்காது" என்றார். எல்லோரும் நட்டக்காவைப் புகழ்ந்தார்கள். கணவர் கண் கலங்கி நின்றார். அவள் எழுந்து வராந்தாவுக்குப் போய்விட்டாள்.

அடுத்த நாள் காலை, தொழிற்சாலை ஆய்வாளர் வருவதற்கு முன்னால் சூப்பர்வைசர் அவளைத் தனியே கூப்பிட்டார். குரல் தாழ்ந்திருந்தது.

"மூடியை அந்தப் பொண்ணே கழட்டி வச்சிட்டான்னு எழுதிடலாம். உங்களுக்கும் பிரச்சினை இல்ல, எனக்கும் இல்ல. அவளுக்குச் சேர வேண்டிய நஷ்டஈடு எப்படியும் சேர்ந்துடும்."

"கழட்டச் சொன்னது நீங்க. கழட்டினது நான். ஒயர் போட்டதும் நான்."

"நீங்கதான அவளைக் காப்பாத்தினீங்க. எதுக்கு நீங்களே தலையைக் கொடுக்கறீங்க?"

"மாட்ட வேண்டியது நாலு நாளா என் டிராயர்ல கிடந்துச்சு சார்."

ஆய்வாளரிடம் அதை அப்படியே சொன்னாள். கீலைக் கொண்டுவந்து மேஜைமேல் வைத்தாள். சூப்பர்வைசரை வேறு கிளைக்கு மாற்றினார்கள். அவளை மூன்று மாதம் வேலையிலிருந்து நிறுத்தி வைத்தார்கள். ரோலர் மெஷின் முத்திரை வைக்கப்பட்டு, புது மூடியும் புது சுவிட்சும் வந்த பிறகே திறக்கப்பட்டது.

பாப்பாவிடம் சொல்வதுதான் கஷ்டமாக இருந்தது. நாலாம் நாள், கட்டிலருகே ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து சொன்னாள். கீல் எப்போது வந்தது, எங்கே இருந்தது, ஏன் மாட்டவில்லை என்பதுவரை. "உன்னைத் தள்ளிக்கச் சொல்லணுமேன்னு விட்டேன்" என்றாள். சுற்றி வளைக்கவில்லை.

பாப்பா கட்டுப்போட்ட கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தாள். "நீங்க போங்க" என்றாள்.

வீட்டுக்குப் போன பிறகும் மூன்று வாரம் அப்படித்தான். நட்டக்கா சாப்பாடு கட்டிக் கணவரிடம் கொடுத்தனுப்புவாள். டப்பா காலியாகத் திரும்பி வரும், செய்தி எதுவும் வராது. அவர் இந்தத் தடவை அலுத்துக்கொள்ளவில்லை. வேனை ஓரம் கட்டி டப்பாவைக் கொடுத்துவிட்டு, வாங்கிக்கொண்டு வருவார்.

ஒரு வியாழக்கிழமை அவர் டப்பாவோடு ஒரு வார்த்தையும் கொண்டுவந்தார். "உன்னை வரச் சொன்னா. காலையில."

போனாள். பாப்பா தலைவிரி கோலமாகக் கதவைத் திறந்தாள். முகம் கடுகடுவென்று இருந்தது. இடது கையில் சீப்பு.

"எங்க வீட்டுக்காரருக்குத் தலை பின்ன வரல. நானும் ஒத்தக் கையால முயற்சி பண்ணிப் பார்த்துட்டேன்."

நாற்காலியில் உட்காரவைத்து நட்டக்கா பின்னால் நின்றாள். மூன்று வாரச் சிக்கு. நுனியிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகப் பிரித்துக்கொண்டு வந்தாள்.

"இழுக்காதீங்க."

"இழுக்காம எப்படி சிக்கு எடுக்கறது?"

நட்டக்கா சிக்கை விரலால் பிடித்துக்கொண்டு சீப்பை ஓட்டினாள்.

"அந்த நாலு நாளை நான் இன்னும் மறக்கல அண்ணி. மறப்பேனான்னும் தெரியல."

"சரி."

"நானும் மூணு மாசம் மூஞ்சியைத் திருப்பிட்டுத்தான் இருந்தேன். அது வேற. இருந்தாலும் மறக்கல."

"மறக்க வேண்டாம்."

பின்னலை முடித்து முதுகில் விட்டாள். பாப்பா இடது கையால் தடவிப் பார்த்தாள். கோணல் என்றாள். நட்டக்கா அவிழ்த்து மறுபடி பின்னினாள். இந்தத் தடவை பாப்பா தடவிப் பார்த்துவிட்டு எழுந்தாள்.

வாசல்வரை வந்து, "நாளைக்கு ஏழு மணிக்கே வாங்க, எட்டுக்கு நான் கைப்பயிற்சிக்குப் போகணும்" என்று சொல்லிக் கதவைச் சாத்திக்கொண்டாள்.

மறுநாள் நட்டக்கா ஆறே முக்காலுக்கே போய்விட்டாள். உள்ளே குழாயில் தண்ணீர் விழும் சத்தம் கேட்டது. கதவைத் தட்டாமல் படியில் உட்கார்ந்து ஏழு மணியாகக் காத்திருந்தாள்.